தூரத்துப் போரும் திரையின் சாட்சியமும்

போர்க்களத்தில் நிற்பவர் சிலர். போரைக் குறித்துத் தீர்ப்புரைப்பவர் பலர். இவ்விரு சாராருக்கும் நடுவே இன்று நிற்பது பெரும்பாலும் ஒரு திரைதான். திண்டுக்கல் நகரிலோ, அதைச் சூழ்ந்த வேடசந்தூர், நத்தம், நிலக்கோட்டை, ஒட்டன்சத்திரம் பகுதிகளிலோ வாழும் ஒருவருக்கு வங்க எல்லையும் காஷ்மீர் எல்லையும் ஆயிரத்தைந்நூறு கிலோமீட்டருக்கும் அப்பால் உள்ளவை. படையில் பணியாற்றித் திரும்பிய சிலரைத் தவிர, நம்மில் எவரும் அவ்விடங்களைக் கண்டதில்லை. ஆயினும் அங்கு நடந்த போர்களைப் பற்றி நம் அனைவரிடமும் உறுதியான கருத்துகள் இருக்கின்றன. அக்கருத்துகள் எங்கிருந்து வந்தன? முதலில் கொட்டகைத் திரையிலிருந்தும், பின்னர்த் தொலைக்காட்சியிலிருந்தும், இப்பொழுது கைபேசியிலிருந்தும் வந்தன என்பதே நேர்மையான விடை.

போரை நிகழும்போதே பதிவு செய்யும் ஆவணப்படம் எந்த அளவுக்குச் சாட்சியம் ஆகும் என்பதே இக்கட்டுரையின் வினா. கதைப்படத்தை யாரும் சாட்சியாகக் கொள்வதில்லை. ஆவணப்படமோ 'இது நடந்தது, இதோ பார்' என்று சொல்கிறது. அவ்வாறு சொல்லும் எதையும் விசாரித்தே ஏற்க வேண்டும் என்பது நம் கல்விமரபு. செய்தி கொண்டு வருபவன் எத்தகையவன் என்று பார்த்து, அதைத் தெளிவுபடுத்திக் கொள்ளுமாறு அல்ஹுஜுராத் அத்தியாயத்தின் ஆறாம் வசனம் பணிப்பதையும், அவ்வாறு செய்யாவிடில் அறியாமையால் ஒரு கூட்டத்தாருக்குத் தீங்கிழைத்துப் பின்னர் வருந்த நேரிடும் என்று அது எச்சரிப்பதையும் வாசகர்கள் அறிவார்கள். போர்ச் செய்திக்கு இதைவிடப் பொருத்தமான எச்சரிக்கை வேறில்லை.

திண்டுக்கல்லே எல்லையாக இருந்த காலம்

'தொலைதூர எல்லை' என்பது பார்ப்பவர் நிற்கும் இடத்தைப் பொறுத்தது. இருநூற்று முப்பது ஆண்டுகளுக்கு முன்பு திண்டுக்கல்லே அத்தகைய ஓர் எல்லையாக இருந்தது. 1755இல் ஹைதர் அலி இங்கு பௌஜ்தாராக அமர்ந்தார். நகரின் பேகம்பூர் அவருடைய சகோதரி அமீருன்னிஸா பேகத்தின் நினைவைத் தாங்கி நிற்கிறது. மைசூர் ஆட்சியின் தென்முனையாகிய இம்மலைக்கோட்டையை ஆங்கிலக் கம்பெனிப் படை 1783இல் கைப்பற்றியது. 1784ஆம் ஆண்டின் மங்களூர் உடன்படிக்கையால் திரும்பக் கொடுத்தது. 1790இல் மீண்டும் பிடித்தது. 1792இல் ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கையின் வழியே நிரந்தரமாகத் தனதாக்கிக் கொண்டது.

லண்டனில் இருந்தவர்களுக்கு இவை யாவும் எங்கோ நடந்த எல்லைச் சண்டைகள். புகைப்படம் இல்லாத அக்காலத்தில் அவர்கள் இப்போர்களை ஓவியங்களின் வழியாகவே 'பார்த்தார்கள்'. ராபர்ட் ஹோம் என்னும் ஓவியர் கார்ன்வாலிஸின் படையோடு உடன் சென்று வரைந்தார். மைசூர் நாட்டுக் காட்சிகளை 1794இல் நூலாக வெளியிட்டார். திப்பு சுல்தானின் இரு மைந்தர்களும் பிணையாக ஒப்படைக்கப்பட்ட காட்சியைத் தீட்டியபோது, கூட்டத்தின் ஓரத்தில் தம் உருவத்தையும் சேர்த்தார். 'நான் அங்கிருந்தேன்' என்பதற்கு அவர் வைத்த கையொப்பம் அது. அதே மைசூர்ப் போர்களின் காட்சிகளை, இந்திய மண்ணை மிதித்தறியாத மாதர் பிரௌன், ஹென்றி சிங்கிள்டன் போன்றோர் லண்டனில் இருந்தபடியே தீட்டினர். மக்கள் இருவகை ஓவியங்களையும் ஒரே ஆர்வத்தோடு கண்டு களித்தனர்.

நேரில் கண்டவர் வரைந்ததும் காணாதவர் வரைந்ததும் பார்வையாளரிடத்தில் ஒரே மதிப்பைப் பெற்றன என்பதை முதலில் கருத்தில் கொள்ள வேண்டும். நேரில் கண்ட ஹோமும் ஒரு படையின் பக்கத்தில் நின்றே கண்டார் என்பதையும் மறத்தலாகாது. மறுபக்கத்தின் சித்திரமும் இல்லாமல் இல்லை. 1780இல் பொள்ளிலூரில் கம்பெனிப் படை அடைந்த பெருந்தோல்வியை ஸ்ரீரங்கப்பட்டணத்துத் தரியா தௌலத் மாளிகைச் சுவரில் திப்பு வரையச் செய்தார். அதுவும் ஒரு தரப்பின் சித்திரமே. இரண்டையும் அருகருகே வைத்துப் பார்ப்பவருக்கே போரின் உருவம் ஓரளவு புலப்படும். அன்று லண்டனில் இருந்தவருக்கு அவ்வாய்ப்பு இல்லை. திண்டுக்கல்லைப் பற்றி அவர் கொண்ட கருத்து எவ்வளவு குறையுடையதோ, வங்கத்தைப் பற்றியும் காஷ்மீரைப் பற்றியும் நாம் கொள்ளும் கருத்து அவ்வளவு குறையுடையதாக இருக்கக் கூடும்.

கொட்டகைக்கு வந்த போர்

திரையில் போர்ச்செய்தி நம் நாட்டில் முறையாகக் காட்டப்பட்டது இரண்டாம் உலகப் போர்க் காலத்தில்தான். ஆங்கில அரசு 1943இல் அமைத்த செய்திப்பட நிறுவனம் போர் முடிந்ததும் 1946இல் மூடப்பட்டது. விடுதலைக்குப் பின் 1948இல் பிலிம்ஸ் டிவிஷன் தோன்றியது. அது தயாரித்த செய்திப்படங்களும் ஆவணப்படங்களும் தமிழ் உள்ளிட்ட பல மொழிகளில் குரல் சேர்க்கப்பட்டு நாடெங்கும் அனுப்பப்பட்டன. கதைப்படத்துக்கு முன் அவற்றைக் காட்டியாக வேண்டும் என்பது திரையரங்க உரிமத்தின் நிபந்தனைகளுள் ஒன்றாக இருந்தது. பல பத்தாண்டுகள் இயங்கிய அந்நிறுவனம் 2022இல் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு இணைக்கப்பட்டது.

திண்டுக்கல் நகரத்துத் திரையரங்குகளிலும், சுற்றுவட்டாரத்து டூரிங் கொட்டகைகளிலும் தரை டிக்கெட்டில் அமர்ந்து படம் பார்த்த தலைமுறையினர் 1962ஆம் ஆண்டின் சீனப் போரையும், 1965, 1971ஆம் ஆண்டுகளின் பாகிஸ்தான் போர்களையும் கண்டது இவ்வழியில்தான். படச்சுருளின் பிரதிகள் பெருநகரங்களில் ஓடி முடித்த பின்னரே சிற்றூர்களுக்கு வந்து சேரும். ஆகவே கொட்டகையில் போர் தொடங்கும்போது களத்தில் அது முடிந்திருக்கும். கம்பீரமான ஒரு குரல், அணிவகுக்கும் வீரர்கள், சீறிச் செல்லும் விமானங்கள், மருத்துவமனையில் காயம்பட்டோரைக் காணும் தலைவர்கள், நிதி வழங்கும் மக்கள் என்ற வரிசையில் அது அமைந்திருக்கும். கதைப்படத்துக்காகக் காத்திருந்தோரில் சிலர் அவ்வேளையில் தேநீர் குடிக்க வெளியே செல்வதும் வழக்கமே.

அச்செய்திப்படங்களைப் பொய் என்று ஒதுக்குவது நீதியாகாது. அவற்றில் கண்ட வீரர்கள் உண்மையானவர்கள், பனிமலைகளும் உண்மையானவை. எனினும் அவற்றுள் ஓர் ஒழுங்கு இருந்தது. எதிரி முகமற்றவனாக இருந்தான். எல்லையோரச் சிற்றூரில் வாழ்ந்த குடியானவன் பேசவே இல்லை. அவனுக்காகப் பின்னணிக் குரலே பேசியது. போரை நடத்தும் அரசே அதன் படத்தையும் தயாரித்து, அதைக் காட்டவும் கட்டளையிட்டால், உண்மையான காட்சிகளைக் கொண்டே ஒரு பக்கமான சித்திரத்தை உருவாக்கி விட முடியும். எல்லா நாட்டு அரசுகளும் இவ்வாறே செய்தன.

சுருளின் நீளமும் காட்சியின் நேர்மையும்

போர்ப்படம் எடுப்பதில் உள்ள தொழில்நுட்ப எல்லைகளை அறிந்தால் அதன் நம்பகத்தன்மையை எடைபோடுவது எளிதாகும். 35 மி.மீ. படச்சுருளில் ஓர் அடிக்கு 16 சட்டகங்கள். ஒரு நொடிக்கு 24 சட்டகங்கள் ஓடும். எனவே நூறடிச் சுருள் ஏறத்தாழ 67 நொடிகளில் தீர்ந்துவிடும். உலகப் போர்க் காலத்தில் செய்தியாளர்கள் கையில் ஏந்திய காமிராக்கள் பெரும்பாலும் இந்த நூறடிச் சுருளையே கொண்டிருந்தன. பின்னர் வந்த 16 மி.மீ. காமிராவில் நூறடி சற்றேறக்குறைய இரண்டே முக்கால் நிமிடமும், நானூறு அடி பதினோரு நிமிடமும் ஓடும். ஒலியைப் பெரும்பாலும் தனிக் கருவியில் பதிவு செய்து பின்னர் இணைக்க வேண்டியிருந்தது.

சுருளை மாற்றும் நேரத்தில் காமிரா குருடாகி விடும். போரோ அதற்காகக் காத்திருப்பதில்லை. குண்டு விழும் கணத்தை முன்கூட்டி அறிபவரும் இல்லை. ஆகவே பழைய ஆவணப்படமொன்றில் வீரன் பாய்வது முன்னிருந்தும் பின்னிருந்தும் தெளிவாகக் காட்டப்பட்டால், 'எதிரியின் பக்கத்தில் நின்று இதைப் படம்பிடித்தவர் யார்?' என்ற ஐயம் எழ வேண்டும். 1916இல் பிரிட்டனில் வெளியான 'சோம் போர்' என்னும் ஆவணப்படத்தில், வீரர்கள் பதுங்குகுழியிலிருந்து ஏறிச் செல்லும் புகழ்பெற்ற காட்சி போர்முனைக்குப் பின்னாலிருந்த பயிற்சிக் களத்தில் நடித்துக் காட்டப்பட்டது என்பது பின்னர்த் தெளிவாகியது. அதே படத்தில் காயம்பட்டோரைத் தூக்கி வரும் காட்சிகளோ மெய்யானவை. ஒரே படத்துக்குள் மெய்யும் புனைவும் அடுத்தடுத்து இருந்தன. கண்டவர்கள் அனைத்தையும் மெய்யென்றே கொண்டு கண்ணீர் வடித்தனர்.

1971: ஒரு மௌலானாவின் மைந்தர் எடுத்த படம்

அரசின் செய்திப்படம் ஒருபுறமிருக்க, போரால் விரட்டப்பட்டவரே காமிராவை ஏந்தினால் என்ன ஆகும் என்பதற்கு 1971ஆம் ஆண்டின் வங்கப் போர் அரிய சான்றைத் தருகிறது. அவ்வாண்டு மார்ச் 25ஆம் நாள் இரவில் பாகிஸ்தான் படை டாக்காவில் தாக்குதலைத் தொடங்கியது. டிசம்பர் 16இல் அது சரணடையும் வரையான ஒன்பது மாதங்களில் ஏறத்தாழ ஒரு கோடி மக்கள் எல்லை கடந்து இந்தியாவுக்குள் அகதிகளாக வந்தனர்.

அவ்வாறு வந்தவர்களுள் ஒருவர் ஜஹீர் ரைஹான். 1935இல் பிறந்த இவருடைய தந்தையார் ஆலியா மத்ரஸாவில் பாடம் நடத்திய மௌலானா ஆவார். ஜஹீர் இளமையிலேயே 1952ஆம் ஆண்டின் வங்கமொழிப் போராட்டத்தில் கைதானவர். பின்னர் நாவலாசிரியராகவும் திரைப்பட இயக்குநராகவும் பெயர் பெற்றவர். கல்கத்தாவில் தங்கியிருந்த காலத்தில், மிகக் குறைந்த வசதிகளோடு, இருபது நிமிட அளவில் 'ஸ்டாப் ஜெனோசைட்' என்னும் கறுப்பு வெள்ளை ஆவணப்படத்தை எடுத்தார். 'இனப்படுகொலையை நிறுத்துங்கள்' என்பது அப்பெயரின் பொருள். அதன் ஆங்கில விளக்கவுரையை எழுதிக் குரல் கொடுத்தவர் ஆலம்கீர் கபீர்.

இப்படத்தில் பெரும் போர்க்காட்சிகள் இல்லை. மனித உரிமைகளைப் பற்றி உலக மன்றம் வெளியிட்ட உயர்ந்த சொற்கள் ஒருபுறம். சேற்றில் நடந்து வரும் முதியவர்களும், முகாம்களில் உணவுக்குக் காத்திருக்கும் குழந்தைகளும் மறுபுறம். வியட்நாமும் இடையே நினைவூட்டப்படுகிறது. சொல்லுக்கும் நிகழ்வுக்கும் இடையிலுள்ள தூரத்தைக் காட்டுவதே அதன் முறை. படம் லெனினை முன்னிறுத்தித் தொடங்குவதும், ஷேக் முஜீபுர் ரஹ்மானை முன்னிறுத்தாததும் அவருடைய தரப்பினரிடையே கூட எதிர்ப்பைக் கிளப்பின. தம் தரப்பின் தலைமை விரும்பியதைத் தரும் படமாக அது இருக்கவில்லை என்பதற்கு இதுவே சான்று.

இப்போர் நம் சமுதாயத்துக்கு எளிதாக இருக்கவில்லை. இஸ்லாத்தின் பெயரால் உருவான ஒரு நாட்டின் படை, பெரும்பாலும் முஸ்லிம்களாகவே இருந்த தன் குடிமக்கள் மீது பாய்ந்தது என்பதை ஏற்க மனம் தயங்கியவர்கள் இருந்தனர். 'செய்திப்படம் அரசினுடையது, எதிரி நாட்டைப் பற்றி அது வேறெப்படிச் சொல்லும்?' என்று கேட்டதாக மூத்தவர்கள் கூறக் கேட்டிருக்கிறோம். அக்கேள்வி நியாயமானதே. ஆனால் கேள்வி எழுப்பியதோடு நின்றுவிட்டால் விசாரணை முடிந்துவிடாது. அரசின் குரலை நம்பாதவர், அந்த மண்ணிலேயே பிறந்து, மத்ரஸா சூழலில் வளர்ந்த ஒருவரின் சாட்சியத்தையாவது தேடிக் காண வேண்டியிருந்தது. ஐயம் என்பது விசாரணையின் தொடக்கம். அதையே முடிவாக்கிக் கொண்டால், அதுவும் உண்மையை மறைக்கும் திரையாகி விடும்.

ஜஹீர் ரைஹானின் முடிவு துயரமானது. அவருடைய அண்ணனும் எழுத்தாளருமான ஷஹீதுல்லாஹ் கைஸர், போர் முடிவதற்கு இரண்டு நாள் முன்னர், டிசம்பர் 14 அன்று கடத்திச் செல்லப்பட்டார். அண்ணனைத் தேடி 1972 ஜனவரி 30இல் டாக்காவின் மீர்பூர் பகுதிக்குச் சென்ற ஜஹீர் திரும்பவே இல்லை. அப்பொழுது அவருக்கு வயது முப்பத்தாறு.

மீர்பூர் உருது பேசும் பீஹாரி முஸ்லிம்கள் திரளாக வாழ்ந்த பகுதி. அவர்களுள் ஒரு சாரார் பாகிஸ்தான் படைக்குத் துணை நின்றதும், குற்றமற்ற பலர் அப்போரின் தொடக்கத்திலும் அதன் முடிவிலும் வங்காளியர் கைகளால் கொல்லப்பட்டதும் வரலாறு. 'ஸ்டாப் ஜெனோசைட்' அவர்களைப் பற்றியதன்று. ஓர் உண்மையைச் சொல்லும் படம் எல்லா உண்மைகளையும் சொல்லிவிடுவதில்லை. அது சொன்னதை அது சொல்லாததைக் காட்டி மறுப்பது தவறு. அது சொல்லாததை நடவாதது என்று கொள்வதும் தவறு.

பார்வையாளர் திருத்திய படம்

அதே போரைப் பற்றிய மற்றொரு படத்தின் வரலாறு இன்னும் வியப்புக்குரியது. லியர் லெவின் என்னும் அமெரிக்கர் 1971இல் வந்து, அகதி முகாம்களிலும் எல்லைப் பகுதிகளிலும் பாடல்கள் பாடி மக்களுக்கு ஊக்கமூட்டிய ஓர் இசைக்குழுவைப் பின்தொடர்ந்து ஏறத்தாழ இருபது மணி நேரப் படத்தை எடுத்தார். பொருளுதவி கிட்டாமையால் அது முற்றுப்பெறவில்லை. சுருள்கள் இருபது ஆண்டுகளாக நியூயார்க்கில் அவரிடமே கிடந்தன.

அவற்றைத் தேடிச் சென்றடைந்தவர் தாரிக் மஸூத். 1956இல் பரீத்பூர் மாவட்டத்துச் சிற்றூர் ஒன்றில் பிறந்து, சிறுவயதில் மத்ரஸாக்களில் பயின்றவர். 1971ஆம் ஆண்டின் போர் அவருடைய மத்ரஸாப் படிப்பை நிறுத்தியது. பின்னர் டாக்கா பல்கலைக்கழகத்தில் வரலாறு படித்தார். தம் இளமைக்கால மத்ரஸா வாழ்வைப் பின்னணியாகக் கொண்டு அவர் இயக்கிய 'மாட்டிர் மொய்னா' என்னும் கதைப்படம் 2002ஆம் ஆண்டின் கான் திரைப்பட விழாவில் உலகத் திரை விமர்சகர்களின் பரிசைப் பெற்றது. அவரும் அவருடைய துணைவியார் காதரின் மஸூதும் லெவினின் சுருள்களைப் பெற்று, வேறு காப்பகங்களில் தேடிய படத்துண்டுகளையும் சேர்த்து, 1995இல் 'முக்திர் கான்' என்ற படத்தை வெளியிட்டனர். 'விடுதலையின் பாடல்' என்பது அதன் பொருள்.

அதன் பின் நிகழ்ந்ததே நம் கருத்துக்குரியது. இளைஞர்கள் அப்படத்தை நடமாடும் திரையிடு கருவிகளோடு வங்கதேசத்தின் சிற்றூர்களுக்குக் கொண்டு சென்றனர். நம் டூரிங் கொட்டகையை ஒத்த ஏற்பாடு அது. ஆனால் நம் கொட்டகையில் நடவாத ஒன்று அங்கே நடந்தது. படம் முடிந்ததும் ஊர் மக்கள் எழுந்து தங்கள் கதையைச் சொல்லத் தொடங்கினர். போரிட்ட விவசாயிகள், அனைத்தையும் இழந்த பெண்கள், வங்காளியரல்லாத மலைவாழ் மக்கள் ஆகியோரின் துயரங்களில் பல, பாட்டுக் குழுவைப் பற்றிய அப்படத்தில் இல்லாதவை. அச்சொற்களைப் பதிவு செய்து மஸூத் தம்பதியர் 1999இல் 'முக்திர் கொதா' என்ற அடுத்த படத்தை உருவாக்கினர். தாங்கள் எடுத்த முதல் படத்தின் போதாமையைப் பார்வையாளரிடமிருந்தே கற்றுக்கொண்டு, அதையும் திரையில் வைத்தனர். தாரிக் மஸூத் 2011 ஆகஸ்ட் 13இல் சாலை விபத்தில் காலமானார்.

செய்திப்படம் பேசும், மக்கள் கேட்பார்கள். 'முக்திர் கொதா'வில் மக்கள் பேசினர், படம் கேட்டது. போர் ஆவணப்படம் சாட்சியம் என்ற தகுதியை முழுமையாக அடைவது, அதில் காட்டப்படுவோர் அதை மறுக்கவும் நிறைவு செய்யவும் இடம் பெறும்போதே என்று நாம் கருதுகிறோம்.

இஸ்னாதும் படச்சுருளும்

இத்தகைய படங்களை எடைபோடுவதற்கு நம் கையில் ஓர் அளவுகோல் முன்னரே இருக்கிறது. அரபுக் கல்லூரிகளில் உஸூலுல் ஹதீஸ் பயிலும் மாணவர், அறிவிப்பின் வாசகமாகிய மத்னையும் அதை அறிவித்தோரின் தொடராகிய இஸ்னாதையும் தனித்தனியே ஆராயக் கற்கிறார். நபிமொழியின் புனிதத்தைத் திரைப்படத்தோடு ஒப்பிடுவது நம் கருத்தன்று. செய்தியைச் சோதிக்கும் முறை எத்துறைக்கும் பயன்படும் என்பதே கருத்து.

தொடர் அறுபட்ட அறிவிப்பை முன்கதிஉ என்கிறோம். எடுத்தவர், இடம், நாள் எதுவும் தெரியாத படத்துண்டு அத்தகையதே. அறிவிப்பாளர் தாம் நேரடியாகக் கேளாததை நேரில் கேட்டது போன்ற தோற்றத்தோடு சொல்வது தத்லீஸ். வேறோர் ஆண்டில், வேறோர் இடத்தில் எடுத்த காட்சியை இந்தப் போரின் காட்சி போல் இணைப்பதும் தத்லீஸே. மூலவாசகத்துக்குள் அறிவிப்பாளரின் சொந்தச் சொல் கலந்துவிட்டால் அதை முத்ரஜ் என்பர். காட்சியின் மேல் ஓடும் பின்னணிக் குரலும் இசையும் இவ்வகையைச் சார்ந்தவை. எரியும் வீட்டைக் காமிரா காட்டுகிறது; எரித்தவர் யார் என்பதைக் குரலே சொல்கிறது. ஒலியை நிறுத்தி விட்டுப் படத்தைக் காண்பவருக்கு எது மத்ன், எது இத்ராஜ் என்பது விளங்கும்.

சார்புடையவரின் சாட்சியத்தை என்ன செய்வது? இமாம் புகாரி (ரஹ்) அவர்கள், காரிஜிய்யாக் கொள்கையினராகிய இம்ரான் இப்னு ஹித்தான் என்பாரின் அறிவிப்பையும் தம் தொகுப்பில் ஏற்றிருப்பதை மாணவர் அறிவர். கொள்கையில் பிழையிருந்தும் சொல்லில் வாய்மை இருக்கக் கூடும் என்பதே அதன் அடிப்படை. ஜஹீர் ரைஹான் இடதுசாரி. தம் மக்களின் பக்கம் வெளிப்படையாக நின்றவர். அதனாலேயே அவர் காட்டிய அகதிகள் பொய்யாகி விடமாட்டார்கள். சார்பை மறைப்பவரைவிட அதை வெளிப்படுத்துபவரைச் சோதிப்பது எளிது.

தொடரைக் காட்டும் நேர்மைக்கு நம் தமிழகத்திலேயே முன்மாதிரி உண்டு. 1940இல் காந்தியடிகளைப் பற்றிய ஆவணப்படத்தை வெளியிட்ட ஏ.கே. செட்டியார், பல நாடுகளில் சிதறிக் கிடந்த படத்துண்டுகளை அலைந்து திரிந்து சேர்த்தார். எங்கே, யாரிடம், எப்படிப் பெற்றார் என்பதைப் பின்னர் கட்டுரைகளாகவும் எழுதி வைத்தார். படத்தோடு அதன் இஸ்னாதையும் தந்தவர் அவர் எனலாம்.

இம்முறை இன்றும் நடைமுறையில் உள்ளதே. இலங்கையில் 2009இல் போர் முடிந்த பின், கண்கள் கட்டப்பட்ட கைதிகள் சுடப்படுவதைக் காட்டும் கைபேசிப் படமொன்றை பிரிட்டனின் சேனல் 4 தொலைக்காட்சி அவ்வாண்டு ஆகஸ்டில் ஒளிபரப்பியது. அது போலி என்றது இலங்கை அரசு. ஐ.நா.வின் சிறப்பு அறிக்கையாளர் பிலிப் ஆல்ஸ்டன் தடயவியல் மருத்துவம், துப்பாக்கிச் சூடு, ஒளிப்பதிவு ஆகிய துறைகளின் மூன்று வல்லுநர்களிடம் அதை ஒப்படைத்தார். அது மெய்யானதே என்று அவர்களின் ஆய்வு வலுவாகச் சுட்டுவதாக 2010 ஜனவரியில் அவர் அறிவித்தார். எடுத்தவரின் பெயர் தெரியாத நிலையில், மத்னின் உள்சான்றுகளைக் கொண்டு நடந்த ஆய்வு அது. பின்னர் கல்லம் மக்ரே 2013இல் உருவாக்கிய 'நோ ஃபயர் ஸோன்' ஆவணப்படத்திலும் இத்தகைய கைபேசிப் பதிவுகள் இடம்பெற்றன.

அதே இலங்கையில் 1990 அக்டோபரில் வட மாகாணத்து முஸ்லிம்கள், எழுபதாயிரத்துக்கும் மேற்பட்டோர், விடுதலைப் புலிகளால் தம் ஊர்களை விட்டு வெளியேற்றப்பட்டனர். யாழ்ப்பாணத்தில் அதற்குத் தரப்பட்ட அவகாசம் சில மணி நேரமே. அவர்கள் வெளியேறிய நாளைக் காட்டும் படத்தை நம்மில் எத்தனை பேர் கண்டிருக்கிறோம்? ஒன்றை அறியாதிருத்தல் அது இல்லை என்பதற்கு ஆதாரமாகாது என்பது நம் அறிஞர்கள் வகுத்த விதி. காமிரா இல்லாத இடத்திலும் கண்ணீர் உண்டு.

காட்டுவதற்கும் ஒரு வரம்பு

'ஸ்டாப் ஜெனோசைட்' படத்தில் கொடுமைக்குள்ளான ஓர் இளம்பெண் பேச இயலாமல் அமர்ந்திருக்கும் காட்சி உண்டு. பார்ப்பவர் நெஞ்சை உலுக்கும் காட்சி அது. அவளுடைய முகம் உலகுக்குக் காட்டப்பட்டதற்கு அவளிடம் ஒப்புதல் கேட்கப்பட்டதா, கேட்கப்பட்டிருந்தாலும் அந்நிலையில் அவளால் மறுத்திருக்க முடியுமா என்ற வினா எழாமல் இல்லை. உலகம் நம்ப மறுத்த வேளையில் சாட்சியம் தேவைப்பட்டது என்பது ஒரு நியாயம். பாதிக்கப்பட்டவரின் மானம் அவருடையது. எந்த நோக்கத்துக்காகவும் அதைப் பிறர் செலவழித்தலாகாது என்பது மற்றொரு நியாயம். இறந்தோரின் உடலுக்கும் கண்ணியம் உண்டு என்று கற்பிக்கப்பட்ட நாம், கைக்கு வரும் சிதைந்த உடல்களின் படங்களை மறுகணமே பலருக்கு அனுப்பி வைப்பது எந்த நியாயத்தில் சேரும்?

இன்றைய கடமை

1999ஆம் ஆண்டின் கார்கில் போர் தொலைக்காட்சி வழியே நம் வீடுகளுக்குள் அன்றன்றே வந்தது. அப்பொழுது பாகிஸ்தான் தொலைக்காட்சியை கேபிளில் காட்டக் கூடாது என்று இந்திய அரசு தடை விதித்தது. காட்சியின் வேகம் கூடியது. மறுபக்கத்தைக் காணும் வாயில் அடைபட்டது. 2025 மே மாதத்தில் இந்தியாவுக்கும் பாகிஸ்தானுக்கும் இடையே நான்கு நாட்கள் மோதல் நிகழ்ந்தபோது நிலைமை இன்னும் மாறியிருந்தது. கணினி விளையாட்டிலிருந்து எடுத்த துண்டுகளும், வேறு நாட்டுப் போர்களின் பழைய காட்சிகளும் இப்போரின் படங்களாக இரு நாடுகளிலும் பரவின. தொலைக்காட்சி அலைவரிசைகள் சில, நடவாத தாக்குதல்களை நடந்தவை என்று அறிவித்தன. முன்பு கொட்டகைக்குச் செய்திப்படம் வந்து சேர வாரங்கள் ஆயின. இப்பொழுது நொடிகளே ஆகின்றன; சரிபார்ப்பதற்கு இருந்த காலமும் அத்துடன் மறைந்தது. போதாக்குறைக்கு, நடவாததை நடந்தது போலவே காட்டும் செயற்கைப் படங்களும் வந்துவிட்டன.

இந்நிலையில் ஒரு போர்ப்படத்தைக் காண்பவர் ஐந்து வினாக்களை எழுப்ப வேண்டும். இதை எடுத்தவர் யார், எவருடைய பக்கத்தில் நின்று எடுத்தார்? இவ்விடமும் இந்நாளும் எவ்வாறு உறுதியாகின்றன? காட்சி சொல்வது எது, குரல் சொல்வது எது? இதில் பேசாதவர் யார்? இதை நான் பிறருக்கு அனுப்பினால் யாருக்குத் தீங்கு நேரும்? இக்கடைசி வினா மிக முக்கியமானது. எங்கோ நடக்கும் எல்லைச் சண்டையின் பொய்ப்படமொன்று, திண்டுக்கல் கடைவீதியில் இருபது ஆண்டுகளாக அருகருகே கடை வைத்திருக்கும் இரு சமயத்தாரிடையே பேச்சை நிறுத்தி விடக் கூடும். தொலைவில் விழும் குண்டைத் தடுக்க நம்மால் இயலாது. அதன் பொய்ச்செய்தி நம் தெருவில் விழாமல் தடுக்க இயலும்.

நம் அரபுக் கல்லூரிகள் இதில் ஒரு பணியை ஏற்கலாம். உஸூலுல் ஹதீஸ் வகுப்பில் தத்லீஸையும் இத்ராஜையும் விளக்கும் ஆசிரியர், ஆண்டுக்கு இரண்டு முறையேனும் 'ஸ்டாப் ஜெனோசைட்', 'முக்திர் கொதா' போன்ற ஓர் ஆவணப்படத்தை மாணவர் முன் திரையிட்டு, அதன் தொடரையும் வாசகத்தையும் பிரித்தறியச் சொல்லலாம். நாளை மிம்பரில் ஏறிப் பேசப் போகிறவர்கள் அவர்கள். தூரத்துப் போரைப் பற்றி அவர்கள் வாயிலிருந்து வரும் ஒரு சொல்லை, கேட்பவர் விசாரணையின்றி ஏற்றுக்கொள்வர். அச்சொல்லுக்கு முன்னர் ஒரு விசாரணை நடந்திருக்க வேண்டும்.